வெட்டாமல் விடுகிற ஷாட்

‘ராம் கே நாம்’ எடுத்த ஆவணப்பட இயக்குநரை ஒருதலைப்பட்சமானவர் என்று திட்டுகிறவர்களும், போராளி என்று கொண்டாடுகிறவர்களும் ஒரே தவறைத்தான் செய்கிறார்கள். கொள்கையைப் பார்க்கிறார்கள், கேமராவை அவர் எப்போது நிறுத்துகிறார் என்பதைக் கவனிப்பதில்லை.

அந்தப் படத்தை இன்னொரு முறை போட்டுப் பாருங்கள். 1990, ராமர் கோயில் கேட்டு நடந்த ரத யாத்திரைக் காலம். ராமர் பிறந்தது இந்த இடத்தில்தான் என்று அடித்துச் சொல்லும் இளைஞர்களிடம், எந்தக் காலத்தில் பிறந்தார் என்று கேட்கிறார். பதில் இல்லை. வேறு யாராக இருந்தாலும் அங்கேயே வெட்டிவிட்டு ஒரு பேராசிரியரைக் கூப்பிட்டு உட்காரவைத்திருப்பார்கள். இவர் தடுமாறும் முகத்திலேயே நிற்கிறார். ஆஃப் ஸ்டம்புக்கு வெளியே போகும் பந்தைத் தொடாமல் விடுகிற தொடக்க ஆட்டக்காரரின் பொறுமை அது. அதே அவகாசம் பூசாரி லால்தாஸுக்கும் கிடைக்கிறது. நீதிமன்றம் நியமித்த பூசாரி அவர். கோயில் பெயரில் நடந்த அரசியலைப் படத்தில் வெளிப்படையாக எதிர்த்தார். 1993-ல் கொல்லப்பட்டார். எதிராளிக்கும் தன் பக்கத்து ஆளுக்கும் ஒரே நீளம் கொடுக்கிறவரை எந்தக் கணக்கில் பிரசாரகர் என்கிறார்கள்?

மெதுவானவர் என்பது இன்னொரு குற்றச்சாட்டு. 1997 ஜூலையில் மும்பை ரமாபாய் நகரில் போலீஸ் சுட்டதில் 10 பேர் இறந்தார்கள். அவருடைய 1985 படத்தில் பாடியிருந்த விலாஸ் கோக்ரே அதைத் தாங்க முடியாமல் உயிரை மாய்த்துக்கொண்டார். இதைப் பற்றி அவர் எடுத்த ‘ஜெய் பீம் காம்ரேட்’ வந்ததோ 2011-ல். அந்த 14 ஆண்டும் வீண் போகவில்லை. அடுத்த மாதமே படத்தை முடித்திருந்தால் கண்ணீர்தான் மிஞ்சியிருக்கும். காத்திருந்ததால், வழக்கு எப்படி இழுபடுகிறது, பாடகர்களையும் கட்சிகளையும் காலம் எங்கே கொண்டுபோய் விடுகிறது என்பதெல்லாம் படத்துக்குள் வந்துவிட்டன. அவர் வாழ்நாளின் சிறந்த ஆட்டம் அதுதான் என்பேன்.

2023-ல் பெற்றோரைப் பற்றிப் படம் எடுத்ததும், அரசியலை விட்டு வீட்டுக்குள் போய்விட்டார் என்று நினைக்கிறவர்கள் அவசரப்படுகிறார்கள். அந்த வீட்டுப் பேச்சுக்குள்ளேயே சுதந்திரப் போராட்டம் இருக்கிறது. அடுத்த படம் மறுபடி தெருவுக்கு வரும். பெரிய ஓடிடி நிறுவனம் எதுவும் அதை வாங்காது. கல்லூரி அரங்குகளிலும் சங்கக் கட்டடங்களிலும்தான் ஓடும். செல்போனில் படமெடுக்கும் இன்றைய பிள்ளைகளில் நாலைந்து பேராவது, பதில் முடிந்த பிறகும் பட்டனை அழுத்தாமல் நிற்கப் பழகுவார்கள். இன்னும் பத்தாண்டில் நம் ஆவணப்படத்தை நடத்தப்போவது அவர்கள்தான்.