கத்தரியும் வறள்நிலமும்: சுமித்திரா பீரிஸின் நெறியாள்கை

படத்தொகுப்பாளரின் உழைப்பு திரையில் தன்னை மறைத்துக்கொள்வது. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘கம்பெரலிய’வைத் (1963) தொகுத்த சுமித்திரா பீரிஸ், ‘கெஹெணு லமய்’ (1978) மூலம் நெறியாளரானபோது அவ்வுழைப்பின் பண்பையே உடன்கொணர்ந்தார்: உணர்ச்சி பெருகுமுன் காட்சியை நிறுத்திவிடும் அடக்கம்.

இவ்வடக்கத்தை அழகியற் பேறாக மட்டும் கொள்வது எமக்கு உடன்பாடன்று. ஏழைப்பெண் குசும், வசதிபடைத்த வீட்டு நிமலின் காதலைத் துறப்பது வர்க்கத் தடையின் விளைவு. படமோ அதனைத் தனிமனித ஒழுக்கத்தின் தியாகமாக்கி முடிக்கிறது. கேள்வி எழவேண்டிய இடத்திலேயே கத்தரி விழுகிறது. பிலிப் குணவர்தனவின் இடதுசாரிக் குடும்பத்தில் வந்தவரிடம் இது வியப்புக்குரியதே.

‘சாகர ஜலய’வின் (1988) நிலை வேறு. சைமன் நவகத்தேகமவின் சிறுகதையைத் தழுவிய இப்படத்தில், கணவனை இழந்தவளின் துயர் வறண்ட மண்ணோடும் வறுமையோடும் உறவினரின் சந்தேகத்தோடும் பிரிக்கவியலாது பிணைந்துள்ளது. நவகத்தேகம எமது புத்தளக் கரையோரத்துக்கு உட்புறமாக, இதே மாவட்டத்தில் அமைந்த ஊர். உப்பளங்களின் வெயிலை அறிந்த நமக்கு அவ்வறட்சி வெறும் பின்னணியாகத் தோன்றாது. இங்கும் நெறியாளர் அழுகையை நீட்டுவதில்லை. ஆயின் மண்வெட்டும் கையை விட்டுக் கண்ணை அகற்றுவதுமில்லை.