பள்ளிக்கூட டென்னிஸும் சிக்கனச் சினிமாவும்

அமெரிக்கப் பள்ளி விளையாட்டுப் படங்களில் பேஸ்பாலும் கூடைப்பந்தும் அமெரிக்கக் கால்பந்தும் எடுத்துக்கொண்டது போக டென்னிஸுக்கு மிஞ்சியது கொஞ்சம்தான். அந்தக் கொஞ்சத்தில் நகைச்சுவை என்று தேடினால் முதலில் அகப்படுவது, 2009 ஜனவரியில் நேரே டிவிடியாக வெளியான 'பால்ஸ் அவுட்: கேரி தி டென்னிஸ் கோச்'. இயக்கியவர் 'டூட், வேர்ஸ் மை கார்?' எடுத்த டேனி லைனர். 'அமெரிக்கன் பை' புகழ் ஷான் வில்லியம் ஸ்காட், நெப்ராஸ்காவில் ஒரு பள்ளியின் துப்புரவுப் பணியாளர் கேரியாக வருகிறார். பயிற்சியாளர் இறந்துபோகிறார், எதற்கும் தேறமாட்டார்கள் என்று ஒதுக்கப்பட்ட பையன்களின் அணி கேரியிடம் வந்து சேருகிறது. கொச்சைச் சிரிப்பு நிறைய. பாதிக்கு மேல் எனக்கு அலுத்துவிட்டது. ஆனாலும் அடிப்படை யோசனை அருமையானது: எல்லாரும் அடக்கிப் பேசுகிற விளையாட்டுக்குள் வாய் ஓயாத ஒரு மனிதரைக் கொண்டுவந்து விடுவது.

கேரிக்கு மூதாதை உண்டு. மைக்கேல் ரிச்சி இயக்கிய 'தி பேட் நியூஸ் பேர்ஸ்' (1976) படத்தில், நீச்சல் குளம் சுத்தம் செய்து பிழைக்கும் குடிகாரப் பயிற்சியாளராக வால்டர் மாத்தவ் நடித்தார். அவருடைய பொடியன்கள் இறுதி ஆட்டத்தில் தோற்கிறார்கள், தோற்றும் கொண்டாடுகிறார்கள். பின்னால் வந்த விளையாட்டு நகைச்சுவைப் படங்கள் பலவற்றுக்கும் அச்சு அதுதான். டென்னிஸை அந்த அச்சில் வார்ப்பது கடினம். பேஸ்பாலில் ஒருவன் பந்தைக் கோட்டைவிட்டால் மொத்த அணியும் பார்த்துக்கொண்டிருக்கும். டென்னிஸில் தப்பு செய்தவன் வலைக்கு இந்தப் பக்கம் தனியாக நிற்பான்.

பள்ளி டென்னிஸ் இந்தச் சிக்கலைத் தானே அவிழ்க்கிறது. அங்கே ஒற்றையர், இரட்டையர் ஆட்டங்கள் அடுத்தடுத்த கோர்ட்டுகளில் ஒரே நேரத்தில் நடக்கும். யார் எத்தனை ஆட்டம் ஜெயித்தார்கள் என்று கூட்டித்தான் அணிக்கு வெற்றி தோல்வி. இங்கே ஒருவன் முன்னேற, அங்கே இன்னொருவன் சரிய, பயிற்சியாளர் கம்பிவேலி ஓரமாக நடையாய் நடப்பார். எடிட்டருக்கு இதைவிட நல்ல தீனி ஏது? பார்க்க வருவது பெரும்பாலும் பெற்றோர்கள்தான் என்பதால் ஆயிரம் துணை நடிகர்களும் வேண்டாம். கையில் காசில்லாத இயக்குநருக்கு இவ்வளவு வாகான விளையாட்டு வேறு இல்லை என்பேன்.

செலவு வைப்பது பந்துதான். நடிகருக்கு ஆடத் தெரியாது. ஆடத் தெரிந்தவருக்கு நடிக்க வராது. 2004இல் வந்த 'விம்பிள்டன்' படத்தில் முன்னாள் சாம்பியன் பேட் கேஷ் நடிகர்களுக்குப் பயிற்சி தந்தார். அப்படியும் வெறும் மட்டையை வீசவைத்துப் பந்தைக் கணினியில்தான் பிறகு சேர்த்தார்கள். இருபது வருடம் கழித்து வந்த 'சேலஞ்சர்ஸ்' படத்திலும் பறக்கும் பந்துகளில் பெரும்பாலானவை கணினியில் பிறந்தவை. சிறு முதலீட்டுப் படத்துக்கு இது கட்டுப்படியாகாது.

கட்டுப்படியாகாதவர்கள் கண்டுபிடித்த வழிகள்தான் இந்தத் துறையின் உண்மையான சொத்து. ஷாக் தாத்தியின் 'மிஸ்யூ உலோவின் விடுமுறை' (1953) இன்றும் எனக்கு முதலிடம். மட்டை விற்கிற பெண் உலோவுக்கு ஒரு சைகை காட்டுகிறார்: மட்டையைத் தட்டையாகப் பிடித்து முன்னே தள்ளு, பின்னே இழு, அடி. உலோ அதை அப்படியே, ஒரு அசைவும் கூடாமல் குறையாமல், ஒவ்வொரு சர்வுக்கும் செய்கிறார். எதிரே நிற்கும் யாராலும் பந்தைத் தொட முடியவில்லை. சிரிப்பு முழுவதும் மனித உடம்பில் இருக்கிறது; பந்து எங்கே விழுந்தது என்று நாம் தேடுவதே இல்லை.

நோவா பாம்பாக்கின் 'தி ஸ்க்விட் அண்ட் தி வேல்' (2005) இன்னொரு வழி. 23 நாளில், சுமார் 15 லட்சம் டாலரில் எடுத்த படம். முதல் காட்சியிலேயே ஒரு குடும்பம் இரண்டுக்கு இரண்டாகப் பிரிந்து டென்னிஸ் ஆடுகிறது. அம்மாவின் பேக்ஹேண்ட் பலவீனம், அங்கே அடி என்று அப்பா பெரிய மகனுக்குச் சொல்லிக்கொடுக்கிறார். விவாகரத்து வரப்போவதும், எந்தப் பிள்ளை எந்தப் பக்கம் சாயும் என்பதும் அந்தச் சில நிமிடங்களில் தெரிந்துவிடுகிறது. இது விளையாட்டுப் படமே அல்ல. ஆனாலும், விளையாட்டுப் படம் எடுப்பவர்கள் மனப்பாடம் செய்ய வேண்டிய காட்சி.

2010இல் விம்பிள்டனில் இஸ்னரும் மாயூவும் மூன்று நாட்களில் 11 மணி நேரம் 5 நிமிடம் ஆடிய ஆட்டத்தை நினைவூட்டும் '7 டேஸ் இன் ஹெல்' (2015) என்ற போலி ஆவணப்படம் மூன்றாவது வழி. ஆடிக்காட்டுவதைவிட ஆட்டத்தைப் பற்றிப் பேசவைத்தே ஓட்டிவிட்டார்கள், கெட்டிக்காரத்தனம்தான்.

ஜப்பானியர் பந்துப் பிரச்சினையை வரைந்தே தீர்த்தார்கள். சுமிகா யமமோதோவின் மங்கா சித்திரக்கதை 'எய்ம் ஃபார் தி ஏஸ்' 1973இல் தொடங்கியது. ஒசாமு தெசாகி 1979இல் அதைத் திரைப்படமாக்கினார். உயர்நிலைப் பள்ளி மாணவி ஹிரோமி, தன்மேல் நம்பிக்கையில்லாதவள். பயிற்சியாளர் அவளைத் தேர்ந்தெடுத்ததும் மூத்த மாணவிகள் பொறாமையில் வேகிறார்கள். படம் நகைச்சுவை அல்ல. ஆனால் பள்ளி அணிக்குள் இருக்கும் அதிகார அடுக்கை, யாருக்கு இடம் என்ற பதற்றத்தை, கேரியின் படம் தொட்டதைவிட ஆழமாகத் தொட்டிருக்கிறது.

ஒன்றை மட்டும், எனக்குத் தெரிந்தவரை, இவர்களில் யாரும் எடுத்துச் செய்யவில்லை. அமெரிக்கப் பள்ளி ஆட்டங்களில் பெரும்பாலும் நடுவர் கிடையாது. பந்து கோட்டில் பட்டதா, வெளியே போனதா என்று அந்தப் பக்கம் ஆடுகிறவனே சொல்ல வேண்டும். பதினாறு வயதுப் பையன், முக்கியமான பாயிண்ட், வேலிக்குப் பின்னால் அவன் அப்பா. பந்து கோட்டைத் தொட்டதை அவன் மட்டும் பார்த்துவிட்டான். எதிரே நிற்பவனுக்குச் சந்தேகம், பக்கத்துக் கோர்ட்டில் ஆடுகிறவர்களும் ஆட்டத்தை நிறுத்திவிட்டுத் திரும்புகிறார்கள். இந்தக் காட்சியில் கூச்சம், பொய், பாசம், சண்டை எல்லாம் உண்டு. நல்ல நகைச்சுவை எழுத்தாளர் இதை மட்டும் வைத்து அரை மணி நேரம் நடத்துவார். படம்பிடிக்க இரண்டு கோர்ட்டும் ஒருசில நடிகர்களும் போதும்.