இராபர்ட் வீனேயும் காலிகரியின் புறக்கதையும்

ஒரே படைப்பாற் புகழ்பெற்று, அப்படைப்பாலேயே பழியும் எய்திய கலைஞர் சிலர் உளர். செருமானிய இயக்குநரும் திரைக்கதையாசிரியருமான இராபர்ட் வீனே (1873-1938) அவருள் ஒருவர். 1920 பிப்ரவரியில் பெர்லினில் வெளிவந்த 'டாக்டர் காலிகரி' என்னும் பேசாப்படத்தின் சிறப்பை, கதை வகுத்த யானோவிட்சு, மேயர் இருவர்க்கும், கோணல் வடிவங்களாற் களம் தீட்டிய ஓவியர்க்கும் உரித்தாக்கிய திறனாய்வாளர், குறையை மட்டும் வீனேமேல் ஏற்றினர். அது பொருந்துமா என ஈண்டு ஆராய்வாம்.

துயிலில் நடப்பானொருவனை ஏவிக் கொலை செய்விக்கும் காலிகரி, பித்தர் மருத்துவமனைத் தலைவனே என்பது அகக்கதை. அதனைக் கூறும் பிரான்சிசும் ஒரு பித்தனே என்பது புறக்கதை. கொடிய அதிகாரத்தைச் சாடிய கதையைப் புறக்கதை சேர்த்து வீனே தலைகீழாக்கினார் என்று 1947இல் கிராக்கவர் எழுதினார். யானோவிட்சின் நினைவுரையே அதற்கு ஆதாரம்.

காலிகரியாக நடித்த வெர்னர் கிராசிடம் இருந்த திரைக்கதைப் படி 1995இல் அச்சேறியது. அதிலும் ஒரு புறக்கதை உண்டு. பிரான்சிசு தன் மாளிகையில் விருந்தினர்க்குப் பழங்கதை உரைக்கின்றான். ஆதலின், புறக்கதை ஆசிரியர்க்கு முற்றும் அயலானது என்னும் கூற்று நில்லாது. ஆயினும் அவன் பித்தன் என்னும் திருப்பம் அப்படியில் இல்லை. குற்றச்சாட்டிற் பாதி வீழ்கின்றது, பாதி எஞ்சுகின்றது.

எஞ்சிய பாதியைப் படத்தைக் கொண்டே அளத்தல் வேண்டும். பித்தன் கதை முடிந்த பின்னரும் மருத்துவமனையின் கோணல் நேராகவில்லை. அகக்கதையிற் கண்ட அதே களமே இறுதியிலும் நிற்கின்றது. நோயை அறிந்துகொண்டேன் எனும் தலைவனின் முகம் நமக்கு ஆறுதல் தருவதன்று, அச்சமே தருகின்றது. அதிகாரம் குற்றமற்றதெனப் படம் தீர்ப்பளிக்கவில்லை; ஐயத்தையே நிலைநிறுத்துகின்றது.

அவ்வையம் வீனேயின் பிற படங்களிலும் தொடர்கின்றது. தாசுதயேவ்சுகியின் நாவலைத் தழுவித் தாமே எழுதி இயக்கிய 'இராசுகோல்னிகாவ்' (1923) குற்றவாளியின் உள்ளத்தை ஆராய்கின்றது. 'ஓர்லாக்கின் கைகள்' (1924) படத்திலோ, கொலையாளியின் கைகள் பொருத்தப்பெற்ற இசைக்கலைஞன் தன் செயல் தன்னுடையதோ என மயங்குகின்றான்.

நாத்சிகள் 1933இல் ஆட்சியேறியபின், யூதரான வீனே செருமனியை விட்டு நீங்கினார். 1938இல் பாரிசில், இறுதிப் படம் முடியுமுன் மறைந்தார். அதனைச் சியோத்மாக் முடித்தார். தமக்கெதிராக 1947இல் எழுந்த வழக்கிற்கு மறுமொழி கூற அவர் இலர். மூலப்படியும் படமுமே அவர்க்குச் சான்று. நினைவுரையினும் மூலம் வலிது என்னும் நெறி திரைப்படத் திறனாய்விற்கும் பொதுவென்பது நம் துணிபு.