பெயர் மாறாத கப்பல்

அமெரிக்கக் கவிஞர் மெகி நெல்சன் எழுதிய ‘த ஆர்கோனோட்ஸ்’ 2015இல் கிறேவுல்ஃப் பிரசுரமாக வெளிவந்தது. நினைவுக்குறிப்பு என்று வாசிக்கப்பட்ட இந்நூலுக்கு அந்நாட்டின் தேசிய நூல் விமர்சகர் வட்டம் 2015ஆம் ஆண்டுக்கான விருதை விமர்சனப் பிரிவிலேயே வழங்கியது. அது பொருத்தமான தெரிவு என்றே சொல்ல வேண்டும். காதல், கர்ப்பம், பிரசவம் முதலியவை இங்கு சம்பவங்களாக நின்றுவிடாமல், மெய்யியல் வாதங்களின் உண்மையைப் பரிசோதிக்கும் இடங்களாகவும் ஆகின்றன.

நெல்சனின் துணைவர் ஹரி டொட்ஜ் ஒரு கலைஞர், சிற்பி. ஆண், பெண் என்ற இரண்டு சொற்களில் ஒன்றுக்குள் அடங்க மறுப்பவர். கலிபோர்னியாவில் ஒருபால் திருமணத்தைத் தடைசெய்த ‘எட்டாவது முன்மொழிவு’ 2008 நவம்பர் 4ஆம் திகதி வாக்கெடுப்பில் நிறைவேறியது. அதற்குச் சற்று முன்னர் இருவரும் அவசரமாக மணம் முடிக்கின்றனர். 2011இல் நெல்சன் கர்ப்பிணி. ஹரியோ ஆண் ஹோர்மோன் ஏற்றி, மார்புச் சத்திரசிகிச்சையும் செய்துகொள்கிறார். ஒரே வீட்டில் இரண்டு உடல்கள் மாறுகின்றன. ஒன்றை இயற்கை என்றும் மற்றதை மீறல் என்றும் எதை வைத்துப் பிரிக்கிறோம் என்பதே நூலின் அடிப்படைக் கேள்வி.

தலைப்பு ரோலன்ட் பார்த்திடமிருந்து வந்தது. ஆர்கோ கப்பலின் பாகங்கள் ஒவ்வொன்றாக மாற்றப்பட்டாலும் அதன் பெயர் ஆர்கோதான். காதலைச் சொல்லும் வாக்கியமும் அத்தகையது என்பது பார்த்தின் கருத்து: சொல் அதே, பொருள் ஒவ்வொரு முறையும் புதிது. குடும்பம் என்ற பழைய பெயருக்கும் நெல்சன் இதே வாய்ப்பைக் கேட்கிறார்.

ஆனால் சொல்லின் மீதான இந்த நம்பிக்கையை ஹரி ஏற்பதில்லை. சொல்ல முடியாததும் சொல்லப்பட்டதற்குள்ளேயே அடங்கியிருக்கிறது என்ற விட்கென்ஸ்டைனின் எண்ணத்தை நெல்சன் பற்றிக்கொள்கிறார். பெயரிடுவதே சில விடயங்களைக் கெடுத்துவிடும் என்கிறார் ஹரி. இந்தக் குடும்ப வாக்குவாதமே நூலின் முதுகெலும்பு. ஹரியை ‘அவன்’ என்பதா ‘அவள்’ என்பதா என்ற ஆங்கிலத்தின் இக்கட்டிலிருந்து நெல்சன் பெரும்பாலும் ‘நீ’ என்று விளித்துத் தப்புகிறார். தமிழில் எழுதும் எமக்கு ‘அவர்’ என்ற சொல் அந்தச் சிரமத்தை வைக்கவில்லை. எனினும் அது மரியாதை தருகிறதே தவிர, ஹரி எழுப்பும் கேள்விக்கு விடை தருவதில்லை.

தாய்மையும் சிந்தனையும் ஒன்றாக இருக்க முடியாதா என்பது இன்னொரு கேள்வி. 1998இல் ஒரு கருத்தரங்கில், தானும் தன் குழந்தையும் இருக்கும் புகைப்படங்களைக் காட்டிப் பேசிய ஜேன் கெலப்பை, கலை விமர்சகர் ரொசலின்ட் குரோஸ் கடுமையாகச் சாடியதை நெல்சன் நினைவுகூர்கிறார். அன்று மாணவியாக அங்கிருந்த அவர் கெலப்பின் பக்கமே சாய்கிறார். மறுபுறம், குடும்பப் படம் பதித்த ஒரு கோப்பையைப் பார்த்து, இது வழமையான குடும்பத்தின் அச்சொட்டான நகல் என்று கேலிசெய்யும் தோழியையும் காட்டுகிறார். மரபின் காவலரும் சந்தேகிக்கிறார், மீறலின் காவலரும் சந்தேகிக்கிறார். இந்த இரட்டை நெருக்கடியை இவ்வளவு நேர்மையாக எழுதியவர் குறைவு.

குறைகளும் உண்டு. பக்க ஓரத்தில் அச்சிடப்படும் சிந்தனையாளர் பெயர்கள் சில இடங்களில் உரையாடுகின்றன. சில இடங்களில் அணிகலனாகவே தொங்குகின்றன. அதைவிடப் பாரதூரமானது சம்மதம் பற்றிய பிரச்சினை. தன்னைப் பற்றிய பக்கங்களை வாசித்த ஹரி மனம் நோகிறார். அந்த நோவையும் நெல்சன் நூலுக்குள் வைத்துவிடுகிறார். இது நேர்மைதான், ஆனால் மறுப்பையும் தன் பிரதிக்கு உணவாக்கும் அதிகாரம் எழுதுபவர் கையிலேயே தங்கிவிடுகிறது. ஹரியின் முன்னைய உறவில் பிறந்த சிறுவனுக்கோ மறுக்கும் வாய்ப்பும் இல்லை.

இதற்கு நூல் தரும் சிறந்த பதில் அதன் இறுதிப் பகுதியில் உள்ளது. நெல்சனின் பிரசவமும், ஹரி தன் சொற்களிலேயே எழுதிய தன் தாயின் மரணமும் மாறி மாறி வருகின்றன. சொல்லை நம்பாதவர் எழுதிய பக்கங்களே இங்கு உச்சமாக அமைகின்றன. அவற்றின் பலம் எந்த அறிஞரின் பெயரிலும் தங்கியிருக்கவில்லை. கோட்பாடு வாழ்க்கைக்கு எங்கே உதவும், எங்கே ஒதுங்க வேண்டும் என்று அறிய விரும்புவோர் இப்பகுதிக்காகவேனும் இந்நூலைத் தேடி வாசிக்க வேண்டும்.