காஃப்காவின் பூச்சி என்ன பூச்சி?

ஒரே ஒரு ஜெர்மன் வார்த்தையை இங்கிலீஷில் கொண்டுவர எண்பது வருஷத்துக்கும் மேலாகத் தலையைப் பிய்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்றால் நம்புவீர்களா? அந்த வார்த்தை 'உன்கெட்ஸீஃபர்'. 1915-ல் வெளிவந்த ஃப்ரான்ஸ் காஃப்காவின் 'உருமாற்றம்' குறுநாவலின் முதல் வாக்கியத்திலேயே வருகிறது. கிரகோர் சாம்சா என்கிற துணிக் கம்பெனி சேல்ஸ்மேன் காலையில் கண் விழித்தால், 'அது'வாக மாறியிருக்கிறான்.

எது என்பதில்தான் தகராறு. வீட்டில் ஊரும், தொல்லை தரும், பார்த்தவுடன் துடைப்பத்தைத் தேடவைக்கும் ஜந்துகள் அனைத்துக்கும் ஜெர்மனில் அது பொதுப்பெயர். எலியும் சேர்த்தி, மூட்டைப்பூச்சியும் சேர்த்தி. வேரைத் தோண்டினால், பலி கொடுக்கக்கூட லாயக்கில்லாத அசுத்தப் பிராணி என்று அர்த்தம் வருகிறது.

வில்லா, எட்வின் ம்யூர் தம்பதி இதை 'இன்செக்ட்' என்றார்கள். 1972-ல் ஸ்டான்லி கார்ன்கோல்டு 'வெர்மின்' என்றார். மைக்கேல் ஹாஃப்மன் துணிந்து 'காக்ரோச்' என்றே போட்டுவிட்டார். வண்ணத்துப்பூச்சி ஆராய்ச்சியாளருமான நபக்கோவ், கார்னெல் பல்கலைக்கழக வகுப்பில், 'கரப்பான் இல்லை, வண்டு' என்று படமே போட்டுக் காட்டினார்.

காஃப்கா என்ன சொன்னார்? புத்தகம் அச்சாகும் சமயம், பதிப்பாளருக்கு 1915 அக்டோபரில் ஒரு கடிதம் எழுதினார். அட்டையில் அந்த ஜந்துவை வரையவே கூடாது, தூரத்தில் தெரிகிற மாதிரிகூட வேண்டாம் என்று. ஆகவே என் தீர்ப்பு இதுதான். 'கரப்பான்' என்று எழுதுகிறவர், வரையாதே என்று ஆசிரியர் கேட்டுக்கொண்ட படத்தை வார்த்தையால் வரைந்துவிடுகிறார். 2014-ல் சூசன் பெர்னாஃப்ஸ்கி, 'ஏதோ ஒரு மாதிரியான' என்ற அர்த்தத்தில் இரண்டு மூன்று வார்த்தை கூடச் சேர்த்துப் பூச்சியை மங்கலாக்கினார். மூலத்தில் இல்லாத வார்த்தைகள்தான். ஆனால் விசுவாசமான துரோகம்!

அதே வாக்கியத்தில் இன்னொரு சமாசாரம். அமைதியற்ற கனவு, அசுரத்தனமான உருவம், அசுத்த ஜந்து மூன்றுக்குமான ஜெர்மன் சொற்கள் 'உன்' என்ற எதிர்மறையில் ஆரம்பிக்கின்றன. இல்லை, இல்லை, இல்லை என்று மூன்று தட்டு. இங்கிலீஷில் ஒன்று தப்பினாலே பெரிசு.

அடுத்தது வினைச்சொல். ஜெர்மனில் பல இடங்களில் வினை கடைசியில் வந்து உட்காரும். காஃப்காவின் அந்த வாக்கியமும் 'மாறி' என்ற பொருள் தரும் சொல்லில்தான் முடிகிறது. படுக்கை, ஜந்து எல்லாம் சொல்லியாகிவிட்டு, கடைசியில் அடி விழுகிறது. இங்கிலீஷ் இலக்கணம் இதற்கு லேசில் இடம் தராது. முன்கூட்டியே விஷயத்தை உடைத்துவிடும்.

'தீர்ப்பு' கதை இன்னும் மோசம். 1912 செப்டம்பரில் ஒரே ராத்திரியில் எழுதியது. அதன் கடைசி வார்த்தை 'ஃபெர்கேர்'. பாலத்தின் மேல் போகும் போக்குவரத்து என்று அர்த்தம். இன்னோர் அர்த்தமும் உண்டு; ஆண், பெண் சம்பந்தப்பட்டது. வீட்டுப் பெரியவர்களும் படிக்கும் பக்கம் இது என்பதால் அதற்கு மேல் விளக்கவில்லை. இங்கிலீஷில் 'டிராஃபிக்' என்று போட்டால் பஸ் மட்டும்தான் போகும்.

இத்தனை சிரமத்துக்கும் கிடைத்த மரியாதை என்ன? 1930-ல் 'கோட்டை' நாவலை இங்கிலீஷுக்குக் கொண்டுவந்தவர்கள் அந்த ம்யூர் தம்பதிதான். எட்வின் கவிஞர், பிரபலம். பாராட்டு பெரும்பாலும் அவருக்கே போயிற்று. வேலையில் பெரும்பங்கு தன்னுடையது என்று வில்லா தன் நாட்குறிப்பில் எழுதிவைத்தார். சபையில் சொல்லவில்லை. காலம் மாறித்தான் இருக்கிறது. 2024-ல் ஜென்னி எர்பென்பெக்கின் 'கைரோஸ்' சர்வதேச புக்கர் பரிசு வாங்கியபோது, 50,000 பவுண்டில் சரிபாதி மொழிபெயர்ப்பாளருக்கு. அவர் யார் தெரியுமோ? கரப்பான் ஹாஃப்மன்தான். பூச்சியில் என்னோடு ஒத்துப்போகாவிட்டாலும் பாதிப் பணம் நியாயம்.

இதில் நமக்கென்ன என்கிறீர்களா? இருக்கிறது. தமிழிலும் வினை கடைசியில்தான் வரும். இங்கிலீஷ்காரர் தவிக்கும் அந்த இடத்தை நாம் அனாயாசமாகத் தாண்டலாம். ஆனால் இங்கிலீஷ் வழியாக மொழிபெயர்த்தால், அவர்கள் கைநழுவவிட்டதை நாமும் சேர்த்துத் தொலைக்கிறோம். ஏ.வி. தனுஷ்கோடி 'விசாரணை'யை நேரே ஜெர்மனிலிருந்து தமிழாக்கினார். அந்த மாதிரிப் புத்தகங்கள் நம்மிடம் குறைச்சல்.

அடுத்த முறை அயல்நாட்டு நாவல் ஏதாவது வாங்கும்போது, அட்டையைப் புரட்டி இரண்டு விஷயம் பாருங்கள். யார் மொழிபெயர்த்தது? எந்த மொழியிலிருந்து? இரண்டுக்கும் பதில் இல்லையென்றால், உங்கள் கையில் இருப்பது எந்தப் பூச்சி என்று சொல்வது கஷ்டம்.