முப்பத்து நான்கில் பத்து

2013-ல் தமிழ்நாடு ஆசிரியர் தேர்வு வாரியம் அரசு கலை, அறிவியல் கல்லூரிகளுக்கு 1,093 உதவிப் பேராசிரியர்களை எடுக்க விண்ணப்பம் கேட்டபோது எழுத்துத் தேர்வே கிடையாது. ஒருவரின் தகுதி 34 மதிப்பெண்ணில் அடங்கியது. கற்பித்த ஒவ்வோர் ஆண்டுக்கும் 2 வீதம் அனுபவத்துக்கு அதிகபட்சம் 15. முனைவர் பட்டத்துக்கு 9. அது இல்லாமல் எம்.ஃபில்., நெட் வைத்திருப்பவருக்கு 6. மீதி 10 நேர்முகத்துக்கு.

இதில் நியாயம் இல்லாமல் இல்லை. கௌரவ விரிவுரையாளராகவோ சுயநிதிக் கல்லூரியிலோ சொற்பச் சம்பளத்துக்குப் பாடம் நடத்தியவரின் உழைப்புக்கு அரசு விலை வைத்தது. நாற்பது வயதுக்காரரை மறுபடி விடைத்தாளில் வட்டத்தைக் கறுப்பாக்கச் சொல்லவில்லை.

ஆனால் அந்த உழைப்பு சான்றிதழாக மாற வேண்டும். பகுதிநேரப் பணி சேருமா, தகுதி பெறுவதற்கு முன் நடத்திய வகுப்புகள் கணக்கில் வருமா என்ற கேள்விகள் அங்கேதான் முளைக்கின்றன. கையில் பணம் கொடுத்துப் பதிவேட்டில் பெயர் எழுதாத நிர்வாகத்திடம் சான்று கேட்டுப் போனவர்களுக்குத் தெரியும் அந்தப் பாடு. இன்னொரு கோளாறு கணக்கிலேயே இருக்கிறது. ஏழரை ஆண்டில் 15 நிரம்பிவிடும். அதன்பின் எட்டாண்டுக்காரரும் இருபதாண்டுக்காரரும் ஒன்றே. இருவரும் முனைவர் என்றால் 24-க்கு 24. ஆக, வேலை யாருக்கு என்பதை அந்தப் பத்து மதிப்பெண்தான் முடிவு செய்யும்.

34-ல் 10 என்பது 29 சதவீதத்துக்கும் மேல். 1981-ல் அஜய் ஹாசியா வழக்கில், கல்லூரி மாணவர் சேர்க்கைக்கு நேர்முகத்தில் மூன்றில் ஒரு பங்கு வைத்ததைத் தன்னிச்சையானது என்றது உச்ச நீதிமன்றம். 15 சதவீதம் போதும் என்றது. 1985-ல் அசோக் குமார் யாதவ் வழக்கில் குடிமைப் பணிக்கு 12.2 சதவீதம் என்று எல்லை காட்டியது. ஆனால் அதே 1981-ல் லீலா தர் வழக்கில், முதிர்ந்தவர்களை வேலைக்கு எடுக்கும்போது நேர்முகத்துக்குக் கூடுதல் எடை தரலாம் என்றும் சொல்லியிருக்கிறது. எனவே அந்த 10 சட்ட விரோதம் என்று ஒரே வரியில் அடித்துவிட முடியாது. ஒருவருக்கு 9, அடுத்தவருக்கு 4 ஏன் என்று யாரும் எழுதி வைக்காவிட்டால் அதுதான் எனக்கு உறுத்தல்.

அப்படியானால் எழுத்துத் தேர்வே போதுமே என்பார்கள். 2017-ல் நம் பாலிடெக்னிக் விரிவுரையாளர் தேர்வில் மதிப்பெண்ணையே திருத்தினார்கள்; 2018-ல் தேர்வு ரத்தானது. பஞ்சாபில் கதை வேறு. 2021-ல் சட்டமன்றத் தேர்தல் நெருங்கிய நேரத்தில், 1,091 உதவிப் பேராசிரியர், 67 நூலகர் பணியிடங்களை மாநிலத் தேர்வாணையத்திடமிருந்து எடுத்து, கொள்குறித் தேர்வு ஒன்றை மட்டும் வைத்து நிரப்ப முயன்றார்கள். 2025 ஜூலை 14 அன்று உச்ச நீதிமன்றம் மொத்தத்தையும் ரத்து செய்தது.

பல்கலைக்கழக மானியக் குழுவின் 2010 விதிகளில் கல்வி, ஆய்வுக்கு 50, பாட அறிவும் கற்பிக்கும் திறனும் சேர்த்து 30, நேர்முகத்துக்கு 20 என்ற பங்கீடு இருந்தது. என் பார்வையில் இதுவரை வந்ததில் உருப்படியானது அந்த 30-தான். வகுப்பறைக்குப் போகிறவரை வகுப்பு எடுக்கச் சொல்லிப் பார்க்க அதில் இடம் இருந்தது. 2018 விதிகளில் கல்வி மதிப்பெண் நேர்முகத்துக்கு ஆள் சுருக்க மட்டுமே. இறுதித் தேர்வு முழுக்க நேர்முகத்தின் கையில்.

பஞ்சாபின் அந்த 1,158 இடங்களையும் புதிதாக நிரப்பச் சொன்ன உச்ச நீதிமன்றம், அதை இந்த 2018 விதிகளின்படியே செய்யச் சொல்லியிருக்கிறது.