செய்தி வாசிப்பில் நையாண்டி: நம் பரம்பரையும் பாடமும்

நையாண்டிச் செய்தியைக் குறித்து மலருக்கு ஒரு கட்டுரை தரவேண்டுமென்று மன்றத்துப் பெரியவர்கள் பணித்தபோது, அவர்கள் முன்னிலையிலேயே மேடையேறப் பழகிய எனக்கு மறுக்கும் துணிவு வரவில்லை. கலைவாணரின் கிந்தனார் கதாகாலட்சேபம், சோவின் துக்ளக் நாடகம், இலங்கை வானொலியில் பிறந்து 1976இல் திரைப்படமும் ஆன கோமாளிகள், 2000க்குப் பின் விஜய் தொலைக்காட்சியில் ராம்பாலா இயக்கிய லொள்ளு சபா ஆகியவற்றின் வழிமுறைகளை அங்கத்தினர் அறிவர். கிந்தனார் பட்டணத்துக்கு ரயிலேறிய அன்றே நகர வாழ்க்கை நம் ஹாஸ்யத்துக்கு விஷயமாகிவிட்டது. லொள்ளு சபாவோ சினிமாவின் ஆடம்பரத்தைச் சென்னைத் தெருப்பேச்சிலே இறக்கிவைத்தது. இவையெல்லாம் வேஷம் கட்டும் சம்பிரதாயம்.

பினாங்கு மாநிலத்துப் பைராம் தோட்டத்தில் எங்கள் ஆசிரியர் பயிற்றிய சம்பிரதாயம் வேறு. தொலைக்காட்சிபோல் முன்பக்கம் அறுத்தெடுத்த தேயிலைப் பெட்டிக்குப் பின்னால் வெள்ளைச் சட்டையுடன் அமர்ந்து, மலேசிய அரசு ஒலி-ஒளிபரப்பான ஆர்டிஎம் தமிழ்ச் செய்தியின் அதே நிதானத்தில், ஜார்ஜ் டவுன் நடப்புகளை அவர் வாசிப்பார். பினாங்குப் பாலம் திறந்த 1985ஆம் ஆண்டுத் தீபாவளிக் கலைநிகழ்ச்சியில், "நெரிசல் மிகுந்தமையால் வாகனங்கள் நின்ற இடத்திலேயே நிற்கும், பாலம் மட்டும் அக்கரை சென்று திரும்பும் என அதிகாரிகள் அறிவித்துள்ளனர்" என்று வாசித்துவிட்டு, இரண்டு எண்ணும் நேரம் மௌனமாயிருந்து, ஓசைபடாமல் தாளை எடுத்துக் கவிழ்த்துவைத்தார். தோட்டத்துக் கணக்கரான கிராணி முதல் தொழிலாளர் லயத்துக் குழந்தைகள் வரை சிரித்தது அந்த மௌனத்திலேதான். தாள் கவிழ்க்க மட்டுமே எனக்கு மூன்று மாத அப்பியாசம் அளித்தார்.

இன்று இக்கலையில் ஈடுபட்டிருப்போரில் யாரையும் நான் சுட்டவில்லை. திறமைசாலிகள் பலர் உளர். ஆயினும் சிலர், வாக்கியம் முடியுமுன் தாமே சிரித்துவிடுகிறார்கள். அதனினும் கொடிது, கைபேசியைப் பார்த்து வாசிக்கிறார்கள். கைபேசியில் கவிழ்ப்பதற்குத் தாளில்லை, தாளில்லையேல் இடைவெளியில்லை, இடைவெளி போனபின் பரிகாசத்தில் கௌரவம் ஏது? நம் பிள்ளைகள் நிறுத்திப் பேச மறந்ததற்கும், கல்யாண வாழ்த்திலும் இரங்கற் கூட்டத்திலும் மூச்சுவிடாமல் ஒப்பிப்பதற்கும், தமிழ் உச்சரிப்பே க்ஷீணித்துவருவதற்கும் வேர் இங்கேதான் இருக்கிறதென்பது என் திடமான அபிப்பிராயம்.

ஆகையால், அடுத்த தீபாவளி நிகழ்ச்சிக்கு வரும் இளைஞர்கள் தங்கள் செய்திகளைத் தாளில் எழுதிவரவேண்டுமென்று விதி செய்யுமாறு செயலவையைப் பணிவுடன் வேண்டுகிறேன். தாள் வாங்கும் செலவை நான் ஏற்றுக்கொள்கிறேன். ஓசைபடாத கனத்த தாள் எந்தக் கடையில் கிடைக்கும் என்பதும் எனக்குத் தெரியும்.